பரலைக்கு மேற்கு

ஸ்ரீரங்கம்,
5 ஜூன் 2024

பாக்கியமேரி மேடம் அவர்களுக்கு,

வணக்கம். போனில் பேசாமல் கடிதம் எழுதுவதற்குக் காரணம் உண்டு. வாயால் பேசியது காற்றோடு போய்விடும். நாளைக்கு அப்படிச் சொல்லவே இல்லை என்று நீங்களும் சொல்லலாம், நானும் சொல்லலாம். இந்த விஷயம் எழுத்தில் இருக்கட்டும்.

கோயம்புத்தூர் நவநீதன் தொகுத்த தாவரப் பெயர்க் களஞ்சியம் சென்ற வாரம் எனக்கு வந்து சேர்ந்தது. எழுநூறு பக்கம். நல்ல தாள், நல்ல கட்டு. அதில் 318ஆம் பக்கத்தில் இப்படி இருக்கிறது: "பரலை: ஒரு மரம். திருவெள்ளறை வட்டாரக் கல்வெட்டு, பதினைந்தாம் நூற்றாண்டு. ஒரு நிலத்தின் கிழக்கு எல்லையாகச் சொல்லப்படுகிறது. இன்ன மரம் எனத் தெரியவில்லை."

கல்வெட்டுகளில் வரும் மரம் செடிகளைப் பற்றிப் பதினொரு வருஷமாக நாம் இருவரும் சேர்ந்து எழுதிவரும் புத்தகத்தில் இது 147ஆம் கல்வெட்டு. திருவெள்ளறைக்கு வடக்கே வயல் நடுவில் கிடக்கும் சின்னக் கோயில். கல்லில் தாளை ஒற்றி அதை மைப்படி எடுத்தவன் நான், படித்தவன் நான். உங்களுக்கு எழுதிக் கொடுத்தவனும் நான். புத்தகம் இன்னும் அச்சேறவில்லை. அதற்குள் அந்தச் சொல் கோயம்புத்தூருக்கு நடந்து போயிருக்கிறது.

நம் கையெழுத்துப் படியை யார் யாருக்குக் காட்டினீர்கள் என்று தேதியுடன் எழுதி அனுப்ப வேண்டுகிறேன். சந்தேகப்படுகிறேன் என்று எடுத்துக்கொள்ள வேண்டாம். தெரிந்துகொள்ள விரும்புகிறேன், அவ்வளவுதான்.

இப்படிக்கு,
பீமராவ்


மேலப்புதூர், திருச்சி,
9 ஜூன் 2024

மதிப்பிற்குரிய பீமராவ் சார் அவர்களுக்கு,

ஒன்றாம் நம்பர் பஸ்ஸில் ஏறினால் அரை மணி நேரத்தில் உங்கள் தெரு. உங்கள் கடிதம் காவிரியைத் தாண்ட மூன்று நாள் ஆயிற்று. அதையும் பதிவுத் தபாலில் அனுப்பி, என் கையெழுத்து வேறு வாங்கிக்கொண்டீர்கள். சந்தேகப்படவில்லை என்று எழுதிய கடிதத்தைப் பதிவுத் தபாலில் அனுப்பும் மனிதரை நான் இப்போதுதான் பார்க்கிறேன்.

கேட்டதற்குப் பதில்: நம் படியை நான் யாருக்கும் காட்டவில்லை. பீரோவில் இருக்கிறது. சாவி என்னிடம். என் மகள் பெலிண்டாவுக்குக்கூட அது எந்தத் தட்டில் இருக்கிறது என்று தெரியாது. அவளுக்குத் தெரிந்துகொள்ள ஆசையும் இல்லை.

இப்போது நான் கேட்கிறேன். ஜனவரியில் கோயம்புத்தூர் கருத்தரங்குக்குப் போனது நீங்கள். மேடையில் நாற்பது நிமிஷம் பேசியதும் நீங்கள். முன்வரிசையில் நவநீதன் இருந்தார் என்று திரும்பி வந்து என்னிடம் சொன்னதும் நீங்கள்தான். ஒரு சொல் அங்கே கைதவறி விழுந்திருக்கக் கூடாதா? இல்லை, வேண்டுமென்றே வைத்துவிட்டு வந்தீர்களா?

இப்படிக் கேட்க எனக்குக் கூச்சமாகத்தான் இருக்கிறது. ஆனால் நேற்று பதிப்பாளர் சவரிராயனைப் பார்த்தேன். என் முகத்தைப் பார்க்காமலே பேசினார். "சார் ஒண்ணாந்தேதி வந்தாருங்க மேடம். மெய்ப்ப நிறுத்தி வைக்கச் சொன்னாரு. அட்டையில ரெண்டு பேரும் வேணுமான்னு யோசிக்கணும்னு சொன்னாருங்க" என்றார். எனக்குக் கடிதம் எழுதியது ஐந்தாம் தேதி. சவரிராயனிடம் போனது ஒன்றாம் தேதி. தீர்ப்பை எழுதிவிட்டு அப்புறம் சாட்சியை விசாரிக்கிறீர்கள்.

இருநூற்றுப் பன்னிரண்டு கல்வெட்டில் எழுத்து உங்களுடையது, மரம் என்னுடையது என்று சொல்லித்தான் தொடங்கினோம். என் மரங்களை வைத்துக்கொண்டு என் பெயரை மட்டும் எடுத்துவிடலாம் என்று பார்க்கிறீர்களா?

பாக்கியமேரி


ஸ்ரீரங்கம்,
13 ஜூன் 2024

மேடம்,

உங்கள் பதிலுக்காகத்தான் காத்திருந்தேன். யாருக்கும் காட்டவில்லை என்று கைப்பட எழுதிவிட்டீர்கள். இனி நான் சொல்ல வேண்டியதைச் சொல்கிறேன்.

நவநீதன் அந்தச் சொல்லைக் கல்லிலிருந்து எடுத்திருக்க முடியாது. என் வாயிலிருந்தும் எடுத்திருக்க முடியாது. ஏனென்றால் கல்லில் அப்படி ஒரு சொல் இல்லை. கல்லில் இருப்பது "கீழ்பாற்கெல்லை பாலைக்கு மேற்கு." சாதாரணப் பாலை மரம். பழைய எழுத்தில் துணைக்காலும் ரகரமும் ஒரே கோடு என்பது உங்களுக்கே தெரியும். "பா" என்று படிக்க வேண்டிய இடத்தில் "பர" என்று மாற்றி, உங்களுக்குக் கொடுத்த படியில் மட்டும் பரலை என்று எழுதினேன். என் சொந்த நோட்டில் பாலை என்றுதான் இருக்கிறது. கருத்தரங்கில் நான் வாசித்த கட்டுரையிலும் பாலைதான், அச்சில் வந்திருக்கிறது, பார்த்துக்கொள்ளலாம்.

ஆகவே பரலை என்ற சொல் உலகத்தில் ஒரே ஒரு இடத்திலிருந்துதான் வெளியே போயிருக்க முடியும். அது உங்கள் பீரோ.

இது உங்களுக்கு என்று தனியாகச் செய்ததல்ல. 1996இல் நான் மூன்று வருஷம் வெயிலில் கிடந்து எடுத்த கொள்ளிடக்கரைப் படிகளை, எனக்கு வழிகாட்டியாக இருந்தவர் தம் பெயரில் புத்தகமாகப் போட்டார். முன்னுரையில் "படியெடுக்க உதவிய மாணவர்" என்று எனக்கு ஒரு வரி. நிரூபிக்க என்னிடம் ஒன்றும் இல்லை. சூடுபட்ட பூனை அடுப்பங்கரையை நாடாது. அன்றிலிருந்து யாருக்குப் படி கொடுத்தாலும் ஒரே ஒரு எழுத்தை மாற்றிக் கொடுப்பேன். வேலிக்கு முள் வைக்கிற மாதிரி. இருபத்தெட்டு வருஷத்தில் அந்த முள் குத்தியது உங்களைத்தான்.

கையும் களவுமாகப் பிடித்துவிட்டேன் என்று சந்தோஷப்படவில்லை. வருத்தமாகத்தான் இருக்கிறது. சவரிராயனிடம் நானே பேசிக்கொள்கிறேன். உங்கள் அத்தியாயங்களை நீங்கள் திரும்ப எடுத்துக்கொள்ளலாம்.

பீமராவ்


மேலப்புதூர்,
19 ஜூன் 2024

பீமராவ் சார்,

உங்கள் கடிதத்தை மூன்று தடவை படித்தேன். முதல் தடவை திருடி என்று நீங்கள் சொன்னது மட்டும்தான் கண்ணில் பட்டது. இரண்டாம் தடவைதான் மற்றது புரிந்தது. மூன்றாம் தடவை படித்தது, நான் தப்பாகப் புரிந்துகொண்டிருக்கக் கூடாதா என்ற ஆசையில்.

முதலில் உங்கள் வழக்கை முடித்துவிடுகிறேன். என் டைரிகளைப் புரட்டினேன். 2019 நவம்பரில் ஏழு பேருக்கு எழுதியிருக்கிறேன். பச்சைமலை வனச்சரகர் ஒருவர், துறையூர் சித்த வைத்தியர் பிச்சமுத்து, நாலு தாவரவியல்காரர்கள், ஏழாவது நவநீதன். எல்லோருக்கும் ஒரே கேள்வி: "திருவெள்ளறைப் பக்கம் பதினைந்தாம் நூற்றாண்டுக் கல்வெட்டில் பரலை என்று ஒரு மரம் எல்லையாக வருகிறது. இந்தப் பெயரை எங்காவது கேட்டிருக்கிறீர்களா?" நவநீதன் போட்ட பதில் கார்டை இத்துடன் வைத்திருக்கிறேன். "கேட்டதில்லை. புதிய பெயராக இருக்கிறது. குறித்துக்கொள்கிறேன்" என்கிறார். குறித்துக்கொண்டிருக்கிறார்.

நான் காட்டவில்லை சார். கேட்டேன். இல்லாத மரத்தைக் கண்டுபிடிக்க வேண்டுமென்றால் நாலு பேரிடம் கேட்காமல் என்ன செய்வது?

வழக்கு முடிந்தது. இனி என்னுடையது.

எட்டு வருஷம். கல்லூரியில் பாடம் முடித்துவிட்டு, லீவு நாளெல்லாம் அந்த வயற்காட்டில் நின்றேன். ஒவ்வொரு ஊராகப் போய்ப் பரலை தெரியுமா பரலை தெரியுமா என்று கேட்டேன். களை எடுத்துக்கொண்டிருந்த வீராயி என்ற அம்மா இடுப்பில் கை வைத்துக்கொண்டு என்னைப் பார்த்துச் சிரித்தார். "பரல்னா கூழாங்கல்லுதாங்க. கல்லத் தேட வந்துட்டு மரத்தப் பாத்துக்கிட்டு நிக்கிறீங்களோ என்னமோ" என்றார். அந்தக் கிண்டலைப் பிடித்துக்கொண்டுதான் நான் மேலே போனேன். பரல் போலக் கெட்டியான காய் உள்ள மரம் எது என்று தேடி, பச்சைமலை அடிவாரத்தில் கொட்டை இலந்தையைப் பார்த்து, இதுவாகத்தான் இருக்க வேண்டும் என்று பத்தொன்பது பக்கம் எழுதினேன். நம் புத்தகத்திலேயே நல்ல அத்தியாயம் இதுதான் என்று சொன்னது யார்? நீங்கள்.

அந்த மலையில் சறுக்கி விழுந்துதான் என் கணுக்காலில் பிளேட் வைத்தார்கள். நீங்களும் அனுசுயா அம்மாவும் ஆரஞ்சுப் பழம் வாங்கிக்கொண்டு ஆஸ்பத்திரிக்கு வந்தீர்கள். மருந்து மயக்கம் முழுதாகத் தெளியாத நிலையில் நான் உங்களிடம் முதலில் சொன்ன வார்த்தை, "சார், பரலை கெடச்சிடுச்சு." நீங்கள் என்ன சொன்னீர்கள் தெரியுமா? "ரெஸ்ட் எடுங்க மேடம், அப்புறம் பேசிக்கலாம்."

என் கட்டிலுக்குப் பக்கத்தில் உட்கார்ந்துகொண்டு, என் காலைப் பார்த்துக்கொண்டு, அப்படிச் சொன்னீர்கள்.

தான் கள்ளன் பிறரை நம்பான் என்று எங்கள் அம்மா சொல்வார். நான் அதை யார்மீதும் போட்டதில்லை. இன்று போடுகிறேன்.

பாக்கியமேரி


ஸ்ரீரங்கம்,
24 ஜூன் 2024

மேடம்,

நவநீதன் கார்டு கிடைத்தது. தபால் முத்திரையைப் பார்த்தேன், தேதி சரியாக இருக்கிறது. நீங்கள் படியைக் கசியவிட்டதாக எழுதியதைத் திரும்பப் பெற்றுக்கொள்கிறேன்.

மற்றதைப் பற்றி இரண்டு வார்த்தை. மாற்றிய எழுத்தை மெய்ப்பில் சரிசெய்துவிடுவது என் வழக்கம். இதையும் சரிசெய்திருப்பேன். நீங்கள் இவ்வளவு தூரம் போவீர்கள் என்று எதிர்பார்க்கவில்லை. அகராதியில் இல்லாத பெயர் என்றதும் விட்டுவிடுவீர்கள், அடிக்குறிப்பில் ஒரு கேள்விக்குறி போட்டுவிடுவீர்கள் என்றுதான் நினைத்தேன்.

இன்னொன்றும் சொல்ல வேண்டியிருக்கிறது. முப்பது வருஷம் தாவரவியல் சொல்லிக்கொடுத்தவர் நீங்கள். பரலை என்று ஒரு மரம் இல்லை, ஒரு எழுத்தை மாற்றினால் பாலை வருகிறது. உங்களுக்கு ஒரு சந்தேகமும் வரவில்லையா? வந்திருந்தால் என்னை ஒரு வார்த்தை கேட்டிருக்கலாமே. பிழையில் எனக்கு மட்டும் பங்கு என்று நான் ஒப்புக்கொள்ள முடியாது.

சவரிராயனிடம் நான் சொன்னதை அப்படியே மறந்துவிடச் சொல்கிறேன். பாலை என்று திருத்தி, அந்த அத்தியாயத்தை எடுத்துவிட்டு, இருவர் பெயரிலும் புத்தகம் வரட்டும். இதை வெளியே யாரும் அறிய வேண்டியதில்லை.

பீமராவ்


மேலப்புதூர்,
2 ஜூலை 2024

பீமராவ் சார்,

கேட்டிருக்கலாமே என்கிறீர்கள். கேட்டேன். இத்துடன் இருக்கும் ஜெராக்ஸைப் பாருங்கள். மூலத்தை நான் தர மாட்டேன். நீங்கள் எனக்கு எழுதிய அஞ்சலட்டை, 17 பிப்ரவரி 2016. உங்கள் எழுத்துதான், கையெழுத்தும் உங்களுடையதுதான்: "147ஆம் கல்வெட்டில் பாலை என்று படிக்கலாமா எனக் கேட்டிருந்தீர்கள். இடமில்லை. ரகரம் தெளிவு. பரலை என்பதே பாடம்."

எல்லாம் எழுத்தில் இருக்கட்டும் என்று சொல்லிச் சொல்லி என்னையும் பழக்கிவிட்டீர்கள். அதனால் நான் எதையும் கிழித்துப்போடுவதில்லை.

சனிக்கிழமை அந்தக் கோயிலுக்குப் போயிருந்தேன். தனியாக இல்லை. கல்வெட்டு சொல்லிக்கொடுக்கும் கமருன்னிசா மேடத்தைக் கூட்டிக்கொண்டு போனேன். அவருக்கு நான் எதுவும் முன்கூட்டிச் சொல்லவில்லை. சத்திரம் பஸ் ஸ்டாண்டிலிருந்து திருவெள்ளறை வரை வெயிலைப் பற்றியே பேசிக்கொண்டு போனோம். கல்லைத் தண்ணீர்விட்டுக் கழுவி, நிழலுக்குக் குடையைச் சாய்த்துப் பிடித்துக்கொண்டு, அந்த வரியில் விரலை வைத்து என்ன என்று கேட்டேன். அவர் ரொம்ப நேரம் பார்த்தார். பிறகு சொன்னார்: "கல்லு ஒரே ஒரு கோடுதான் மேடம் போட்டிருக்கு. பாலைன்னும் படிக்கலாம், பரலைன்னும் படிக்கலாம். எதுன்னு கல்லு சொல்லாது. படிக்கிறவங்கதான் சொல்லணும். நான் பாலைன்னுதான் சொல்லுவேன்."

அதுவரை எனக்கு உங்கள்மீது கோபம் மட்டும்தான் இருந்தது. அந்த இடத்தில் நின்றபோதுதான் பயம் வந்தது. இந்தப் புத்தகம் முழுக்கக் கோடுகள் சார். ஒவ்வொரு கோட்டுக்கும் நீங்கள் சொன்னதுதான் எழுத்து. வாகை என்றீர்கள், வாகை என்று எழுதினேன். புன்னை என்றீர்கள், புன்னையைப் பற்றி மூன்று பக்கம் எழுதினேன். இலுப்பை, மகிழ், செங்கழுநீர், எல்லாம் உங்கள் வாய்ச்சொல். அந்த வாய் என்னிடம் ஒரு தடவை பொய் சொன்னது. நான் நேராகக் கேட்டபோது மறுபடியும் பொய் சொன்னது.

அதனால் ஒரே ஒரு கேள்வி. இருநூற்றுப் பன்னிரண்டில் இன்னும் எத்தனை?

பதில் வரும்வரை என் பெயர் அட்டையில் வேண்டாம் என்று சவரிராயனிடம் சொல்லிவிட்டேன். பாவம், அவர் தலையில் கை வைத்துக்கொண்டு உட்கார்ந்துவிட்டார். "சரித்திரம், சிற்பம், இலக்கியம்னு முப்பது வருஷமா போடுறேன். மொதல்ல சாரு உங்க பேரு வேணுமான்னாரு, இப்ப நீங்களே வேணாங்கிறீங்க. இப்படி ஒரு புஸ்தகம் இதாங்க மொதத் தடவ" என்றார்.

பாக்கியமேரி


ஸ்ரீரங்கம்,
11 ஜூலை 2024

பாக்கியமேரி மேடம் அவர்களுக்கு,

அந்த அஞ்சலட்டையை நான் மறந்துவிட்டேன் என்று எழுதத்தான் முதலில் உட்கார்ந்தேன். நாலு வரி எழுதியும்விட்டேன். மறக்கவில்லை. போன கடிதத்தை எழுதும்போதே அது நினைவில் இருந்தது. நீங்கள் அதை வைத்திருக்க மாட்டீர்கள் என்று நினைத்தேன்.

உங்கள் கடிதங்களை அனுசுயா எடுத்துப் படித்துவிட்டாள். நான் மேசைமேலேயே வைத்திருந்தேன், அவள் படிக்கட்டும் என்றுதான் வைத்தேனோ என்னவோ. "அந்தம்மா கால்ல பிளேட் வெச்சிண்டு படுத்திண்டிருந்தப்போ நாமதானே போய்ப் பார்த்தோம். அப்பவே உங்களுக்குத் தெரியுமா?" என்று கேட்டாள். தெரியும் என்றேன். மறுநாள் காபி கொண்டுவந்து வைத்தபோது ஒன்றே ஒன்று சொன்னாள். "உங்க படியை ஒருத்தர் தூக்கிண்டு போனார்னு இத்தனை வருஷமா அழுதேளே. இவாளோட எட்டு வருஷத்தை யார் தூக்கிண்டு போனா?"

நீங்கள் 2016இல் கேட்டபோது உண்மையைச் சொல்லியிருந்தால் என்ன ஆகியிருக்கும்? உங்களை நம்பாமல் எழுத்தை மாற்றிக் கொடுத்தேன் என்று சொல்லியிருக்க வேண்டும். வெட்கமாக இருந்தது. அப்போது நீங்கள் கொஞ்ச தூரம்தான் போயிருந்தீர்கள். அடுத்த வருஷம் சொல்லிவிடலாம் என்று தள்ளினேன். ஒவ்வொரு வருஷமும் சொல்ல வேண்டியது பெரிதாகிக்கொண்டே போயிற்று. ஆஸ்பத்திரியில் சொல்லத்தான் வந்தேன். உங்கள் முகத்தில் இருந்த சந்தோஷத்தைப் பார்த்ததும் வாய் வரவில்லை. இதை நல்லெண்ணம் என்று சொல்லிக்கொள்ள ரொம்ப நாள் முயற்சி செய்தேன். கோழைத்தனம்தான்.

உங்களைப் பற்றி எனக்கு முதல் வருஷத்திலேயே சந்தேகம் போய்விட்டது. ஆனாலும் முள்ளை எடுக்கவில்லை. எடுக்கக் கை வரவில்லை, அவ்வளவுதான்.

உங்கள் கேள்விக்குப் பதில்: ஒன்றுதான். அந்த ஒன்றுதான். ஆனால் நான் ஒன்று என்று சொல்வதை நீங்கள் எதை வைத்து நம்புவீர்கள்? இரண்டு நாள் யோசித்தேன். வழி ஒன்றும் கிடைக்கவில்லை. அதனால் என் மைப்படிகள் மொத்தத்தையும் உங்களுக்கு அனுப்புகிறேன். இருநூற்றுப் பன்னிரண்டும் இரண்டு டிரங்குப் பெட்டியில் இருக்கின்றன. கூடவே என் சொந்த நோட்டுகள் ஒன்பது. முதல் நோட்டில் 1996இல் எழுதிய வசவுகள்கூட இருக்கும், பொறுத்துக்கொள்ளுங்கள். இவை என் வீட்டு வாசலைத் தாண்டியதே இல்லை. இன்று ஆட்டோவில் ஏற்றியபோது பட்டியல் போட்டு உங்களிடம் கையெழுத்து வாங்க வேண்டும் என்று கை பரபரத்தது. போடவில்லை. கமருன்னிசா மேடம் படித்துப் பார்க்கட்டும்.

இத்துடன் ஒரு பக்கம் தனியாக எழுதி வைத்திருக்கிறேன். 147ஆம் கல்வெட்டில் பாலை என்பதைப் பரலை என்று தெரிந்தே மாற்றியவன் நான், கேட்டபோதும் மறைத்தேன், பாக்கியமேரிக்கு இதில் பங்கில்லை என்று. என் கையெழுத்துடன் அச்சில் போடுங்கள். நவநீதனுக்கும் இதையே மின்னஞ்சலில் அனுப்பினேன். பதில் வந்தது. அடுத்த பதிப்பில் எடுத்துவிடுவாராம், அதற்கு ஐந்து வருஷம் ஆகுமாம். அதற்குள் ஒரு ஆய்வு மாணவி பரலையைத் தன் ஆய்வேட்டில் சேர்த்துவிட்டாளாம்.

இதற்குப் பிறகு என் வாசிப்பை யாரும் நம்பப் போவதில்லை. என் மற்ற நாலு புத்தகங்களையும் திரும்ப எடுத்து ஒவ்வொரு எழுத்தாகச் சந்தேகப்படுவார்கள். படட்டும்.

மன்னிக்கச் சொல்லிக் கேட்க எனக்கு வாய் இல்லை. ஆனாலும் கேட்கிறேன்.

பீமராவ்


மேலப்புதூர்,
6 செப்டம்பர் 2024

பீமராவ் சார் அவர்களுக்கு,

பெட்டிகள் வந்த அன்றே உங்களுக்கு எழுதியிருக்க வேண்டும். வேண்டுமென்றேதான் எழுதவில்லை. காத்திருப்பது எப்படி இருக்கும் என்று உங்களுக்கும் தெரியட்டும் என்று நினைத்தேன். அது நல்ல குணம் இல்லை. பூசைக்குப் போகும்போதெல்லாம் அது நல்ல குணம் இல்லை என்று தெரிந்துகொண்டேதான் போனேன்.

கமருன்னிசா மேடமும் நானும் ஐம்பது நாள் உட்கார்ந்தோம். ஹாலில் பாயை விரித்து, ஒவ்வொரு மைப்படியாகப் பிரித்து, அவர் படிக்க, நான் உங்கள் படியோடு ஒப்பிட்டேன். சந்தேகம் வந்த இருபத்திரண்டு இடங்களுக்கு நேரில் போய்க் கல்லையே பார்த்தோம். சமயபுரத்துக்கு அந்தப் பக்கம் ஒரு கல்லைக் காணவில்லை, யாரோ படிக்கட்டாகக் கவிழ்த்துப் போட்டுவிட்டார்கள்; அதற்கு மட்டும் மைப்படியையே திரும்பப் பார்த்துத் தெளிந்தோம். மற்றதெல்லாம் சரி. இருநூற்றுப் பதினொன்றும் நீங்கள் சொன்னபடிதான் இருக்கின்றன. "என்ன சுத்தமான வாசிப்பு மேடம். இவரு எதுக்குங்க இப்படிப் பண்ணாரு" என்று கமருன்னிசா மேடம் கேட்டுக்கொண்டே இருந்தார். எனக்கும் தெரியவில்லை என்றேன்.

அவ்வளவும் சரியாக இருந்ததைப் பார்த்து எனக்கு நிம்மதி வந்திருக்க வேண்டும். வரவில்லை சார். நூறு தாண்டியபோது, இன்னும் ஒன்று அகப்படாதா என்றுதான் தேடினேன். அகப்பட்டிருந்தால் உங்களோடு எல்லாவற்றையும் ஒரேயடியாக முடித்துக்கொண்டிருக்கலாம். அகப்படவில்லை.

புத்தகம் இரண்டு பேர் பெயரிலும் வரும். உங்கள் பெயர் முதலில், அது முதலிலேயே பேசியதுதான். உங்கள் வாக்குமூலம் அந்த அத்தியாயத்தின் தலையில் அப்படியே வரும், ஒரு வார்த்தைகூட நான் தொடவில்லை. என் பத்தொன்பது பக்கத்தையும் எடுக்கப் போவதில்லை. இல்லாத மரத்தைத் தேடியவள் வழியில் பார்த்த மரங்களெல்லாம் இருக்கிற மரங்கள்தானே. தலைப்பை மட்டும் மாற்றி, நடந்ததை நடந்தபடி எழுதியிருக்கிறேன். படித்தால் உங்களுக்குக் கஷ்டமாக இருக்கும். எழுதும்போது எனக்கும் இருந்தது. சவரிராயன் டிசம்பருக்குள் கொண்டுவந்துவிடலாம் என்கிறார்.

மன்னிப்பைப் பற்றிக் கேட்டிருந்தீர்கள். தெரியவில்லை. நேரில் பார்த்தால் சொல்ல முடியுமோ என்னவோ. இப்போது பார்க்க வேண்டாம்.

இதைச் சொல்லாமல் இருந்துவிடலாம் என்றுதான் நினைத்தேன். சொல்லிவிடுகிறேன். இந்தப் பொட்டலத்தில் இருப்பது கடைசிப் படி. சவரிராயனுக்கு ஒன்று, உங்களுக்கு ஒன்று. நேற்றுக் காலை உங்களுக்கான படியை அச்செடுக்கும் முன், அதில் ஒரு மரத்தின் பெயரில் துணைக்காலை எடுத்துவிட்டு ரகரம் போட்டேன். எந்தப் பக்கம் என்று சொல்ல மாட்டேன். பார்ப்பீர்களா, பார்த்தாலும் என்னிடம் சொல்வீர்களா என்று தெரிந்துகொள்ள வேண்டும் போல இருந்தது. கம்ப்யூட்டரில் பத்து நிமிஷம் அது அப்படியே இருந்தது. உங்களை என் கைக்குள் வைத்திருப்பது போல மனசுக்குள் ஒரு திருப்தி. இருபத்தெட்டு வருஷமாக உங்களுக்கு எது சுகமாக இருந்தது என்று அப்போதுதான் புரிந்தது. அருவருப்பாக இருந்தது. பழையபடி திருத்திவிட்டுத்தான் அச்செடுத்தேன்.

திருத்திவிட்டேன் என்பதற்கு என் வார்த்தையைத் தவிர என்னிடம் அத்தாட்சி எதுவும் இல்லை.

இருபதாம் தேதிக்குள் படித்து அனுப்பிவிடுங்கள்.

பாக்கியமேரி